சோலை கண்டக்டரின் இரண்டு விநாடி

காரைக்குடி புதுப் பேருந்து நிலையம். வெயில் ஏறத் தொடங்கியிருந்த ஒரு முற்பகல். சென்னை போகும் பஸ்ஸில் ஒரு ஹார்டு டிஸ்க்கைக் கொடுத்தனுப்பிவிட்டு, டீக்கடைப் பக்கம் நிழலுக்கு ஒதுங்கினேன்.

எனக்கு முன்னால் ஒரு பெரியவர். வெள்ளை வேட்டி, முனை முறுக்கிய வெள்ளை மீசை. சற்றுத் தள்ளி நின்ற மனைவி வேறு பக்கம் திரும்பிய நேரம் பார்த்து, டீ மாஸ்டரிடம் குரலைத் தாழ்த்திச் சொன்னார்:

"சீனி கொஞ்சம் தூக்கலாப் போடப்பா."

யோசிக்கவே இல்லை. வாய் தானாகத் திறந்துகொண்டது.

"ஐயா! சீனியா? டெஸ்ட்டுல இருநூத்தி எண்பது இருந்துச்சுல்ல!"

பெரியவர் திரும்பினார். அவர் முகத்தில் என்னைத் தெரிந்த அறிகுறி எதுவும் இல்லை. அப்போதாவது நான் நிறுத்தியிருக்கலாம். நிறுத்தவில்லை.

"வலது முட்டி எப்பிடி இருக்கு? படி எறங்குறப்ப இன்னும் 'சேசுவே சேசுவே'ன்னுதான் எறங்குறீகளா?"

இதற்குள் அவர் மனைவி வந்துவிட்டார். என்னை மேலும் கீழும் பார்த்தார். பிறகு கணவரைப் பார்த்தார்.

"யாருங்க இந்தப் பிள்ள?"

"சத்தியமாத் தெரியாது மேரி. இவுகள நான் பாத்ததே இல்ல."

"பாக்காமத்தான் முட்டி வலியக் கேக்குறாகளா? நீங்க படி எறங்கும்போது சேசுவக் கூப்புடுறது, கட்டுனவ எனக்குத் தெரியும். இவளுக்கு எப்பிடித் தெரியும்?"

டீ மாஸ்டர் ஆற்றுவதை நிறுத்திவிட்டார். பக்கத்தில் பழம் விற்றுக்கொண்டிருந்த அம்மாள் கூடையோடு நகர்ந்து வந்து வசதியாக உட்கார்ந்தார்.

அந்த மனிதரை நானும் அன்றுதான் முதன்முதலாக நேரில் பார்த்தேன். ஆனால் மூன்று மாதமாக அவரோடுதான் குடித்தனம் நடத்திக்கொண்டிருந்தேன் என்று சொன்னாலும் பொய்யில்லை. அதை அவருடைய மனைவியிடம் எப்படிச் சொல்வது என்பதுதான் பிரச்சினை.

கட்டிங் வேலை

இந்தத் தொடரை இடையிலிருந்து படிக்கிறவர்களுக்காக ஒரு வார்த்தை. என் பெயர் திலகவதி. ஆவணப்படங்களுக்குப் படத்தொகுப்பு செய்கிறேன். யாரோ எங்கேயோ போய் நாற்பது மணி நேரம் படம் பிடித்துவிட்டு வருவார்கள். காரைக்குடியில் எங்கள் வீட்டு மாடியறையில் உட்கார்ந்து, அதை ஒரு மணி நேரமாக வெட்டிச் சுருக்குவேன். நான் எந்த ஊருக்கும் போவதில்லை. என்னை யாரும் பார்ப்பதும் இல்லை. படம் முடிந்து, ஆட்கள் செருப்பைத் தேடிக்கொண்டிருக்கும்போது என் பெயர் திரையில் வரும். முதல் படத்தில் அதுவும் 'திலகர்' என்று வந்தது.

இந்த வேலையை வீட்டில் புரியவைக்க நான் பட்ட பாடு தனிக் கதை. 'எடிட்டிங்' என்றேன், விளங்கவில்லை. 'படத்தை வெட்டி ஒட்டுறது' என்றேன். மாமியார் தெருவில் எல்லோரிடமும் "மருமக கட்டிங் வேல பாக்குறா" என்று சொல்லிவிட்டார். ஒரே வாரத்தில் மூன்று பேர் ஜாக்கெட் துணியோடு வந்தார்கள். ஒருவர் அளவு ஜாக்கெட்டும் கொண்டுவந்திருந்தார்.

என் கணவர் பள்ளிக்கூட அலுவலகத்தில் எழுத்தர். வெள்ளந்தி மனுஷன். புதிதாக வந்த தலைமையாசிரியர், "வீட்டுல அம்மா என்ன பண்றாங்க?" என்று கேட்டதற்கு, "மாடியில தனியா கட்டிங்ல இருப்பா சார், சாப்பாட்டுக்குக் கூப்புட்டாக்கூட எறங்க மாட்டா" என்றிருக்கிறார். தலைமையாசிரியர் அவர் தோளைத் தொட்டு, "தைரியமா இருங்க" என்று சொன்னாராம்.

வெட்டப்பட்ட தாய்மாமன்

ஆரம்பத்தில் கல்யாண வீடியோக்கள்தான் வெட்டினேன். அதில்தான் தொழில் படிந்தது.

ஒரு கல்யாணம். முதல் பந்தியில் உட்காரவைக்கவில்லை என்று மாப்பிள்ளையின் தாய்மாமனுக்குக் கோபம். வார்த்தை முற்றி, கைகலப்பு வரை போய்விட்டது. மறுவாரம் மாப்பிள்ளையின் அப்பா ஸ்டுடியோவுக்கு வந்தார்.

"அந்த ஆளு ஒரு எடத்துலகூட வரக் கூடாது."

சொல்வது சுலபம். தாய்மாமன் ஆறடி உயரம். மாப்பிள்ளைக்குப் பக்கத்திலேயே நின்றவர். அவரை எடுத்தால் பாதி மாப்பிள்ளையும் சேர்ந்து போகிறார். பதினைந்து நாள் மல்லுக்கட்டி, ஆளை முழுதாகக் காணாமல் போகச் செய்தேன். தாலி கட்டும் காட்சியில் மட்டும், எங்கிருந்தோ ஒரு மோதிரக் கை வந்து அட்சதை போட்டுவிட்டுப் போகும். அதை ஒன்றும் செய்ய முடியவில்லை.

மூன்றாம் மாதம் இரண்டு குடும்பமும் சமாதானமாகிவிட்டது. அப்பா திரும்ப வந்தார். இந்த முறை கூடவே தாய்மாமன்.

"மச்சான மறுபடி உள்ள வச்சிருங்கம்மா. மொதல்ல இருந்ததவிடக் கொஞ்சம் கூடுதலாவே வரட்டும்."

வைத்தேன். தாலி கட்டும்போது இரண்டு முறை வந்தார். எல்லோருக்கும் திருப்தி.

என் கைக்குள் இருக்கும் மனிதர்களைப் பற்றி எனக்கு எல்லாம் தெரியும் என்ற கர்வம் அந்தக் காலத்தில்தான் முளைத்தது. யார் அழுதார்கள், யார் அழுவதுபோல் நடித்தார்கள், யார் பாயசத்தை மூன்று தரம் வாங்கினார்கள், எல்லாம் எனக்கு வெளிச்சம். அந்தக் கர்வம்தான் பிற்பாடு என் காலை வாரிவிட்டது. அதற்கு வருகிறேன்.

பூட்டிய வீடும் திறந்த வாயும்

நவீன் என்று ஒரு சென்னை இயக்குநர். வயது முப்பதைத் தாண்டியிருக்காது. தாடி மட்டும் அவரைவிடப் பத்து வயது மூத்தது. கானாடுகாத்தானில் ஒரு பெரிய வீட்டைப் பற்றிப் படம் எடுக்க வந்தார். வீடு பூட்டிக் கிடந்தது. சாவி வைத்திருந்தவர் சிங்கப்பூர் போயிருந்தார். படக்குழு நான்கு நாள் வாசலில் காத்திருந்தது.

அவர்களுக்கு வாடகைக் கார் ஓட்டி வந்தவர்தான் டீக்கடைப் பெரியவர், அருளானந்தம். ஓய்வு பெற்ற தனியார் பஸ் டிரைவர். காரைக்குடியிலிருந்து ஒக்கூர் வரைக்கும் போய்த் திரும்பும் பஸ்ஸை முப்பது வருஷம் ஓட்டியவர். நான்கு நாள் அவர் வாய் மூடவில்லை. ஐந்தாம் நாள் சாவி வந்தது. நவீன் அதை வாங்கவே இல்லை. 'முப்பது வருஷம் ஒரு சிறு விபத்துகூட இல்லாத டிரைவர்' என்று படத்தின் பொருளையே மாற்றிவிட்டார்.

அப்படித்தான் அருளானந்தம் என் மாடியறைக்கு வந்து சேர்ந்தார். மீசை முறுக்குவார். முதலாளி பாராட்டிக் கொடுத்த கைக்கடிகாரத்தைக் காட்டுவார். "வந்து பாத்தீகன்னா, ஒரு கோழிக்குஞ்சு மேலகூட என் டயரு பட்டதில்ல" என்பார். ஒவ்வொரு வாக்கியத்துக்கும் முன்னால் ஒரு 'வந்து பாத்தீகன்னா'. வெட்டி வெட்டிக் கை ஓய்ந்துபோயிற்று. நான் அதைக் கேட்டுக்கேட்டு வீட்டிலும் பேசத் தொடங்கி, என்னிடமிருந்து என் கணவருக்கும் தொற்றிக்கொண்டது.

அவரோடு அதே பஸ்ஸில் இருபத்தாறு வருஷம் கண்டக்டராக இருந்த சோலையையும் நவீன் படம் பிடித்திருந்தார். நாச்சியாபுரத்துக்காரர். ஒல்லியான ஆள், அதிகம் பேசாதவர். இருவரும் ஓய்வு பெற்றுப் பத்து வருஷம் இருக்கும். அருளானந்தம் இருக்கும் காரைக்குடியிலிருந்து நாச்சியாபுரம் பஸ்ஸில் கொஞ்ச தூரம்தான். ஆனாலும் இருவரும் சந்தித்துக்கொள்வதில்லை என்பது போகப்போகத்தான் எனக்கு உறைத்தது.

காலர் மைக்

பேட்டி எடுக்கும்போது சட்டைக் காலரில் சின்னதாக ஒரு மைக் மாட்டுவார்கள். மாட்டிய இரண்டாவது நிமிஷம் அது இருப்பதே மறந்துபோகும். கேமராவை நிறுத்திய பிறகும் அது கேட்டுக்கொண்டே இருக்கும். எத்தனையோ பேர் அதோடு கழிப்பறைக்குப் போயிருக்கிறார்கள். படக்குழுவை வாசல்வரை வந்து வழியனுப்பிவிட்டு, "ஓசிச் சோறு தின்ன வந்துட்டானுக" என்று திட்டியிருக்கிறார்கள்.

எனக்கு ஒரு விதி உண்டு. கேமரா நின்ற பிறகு காதில் விழுவது எதுவும் என்னுடையது அல்ல. கேட்காமல் வேகமாக ஓட்டிவிட்டுப் போய்விடுவேன்.

ஒரு நாள் ஓட்ட முடியவில்லை. அருளானந்தம் பேட்டியை முடித்துவிட்டு அடுப்படிக்குப் போகிறார். டப்பா மூடி திறக்கும் சத்தம். லட்டு. பிறகு மனைவியின் குரல்.

"ஒரு ஆக்சிடென்ட்டுமே இல்லன்னு அந்தத் தம்பிக்கிட்ட வாய் கூசாமச் சொல்றீகளே. ஒக்கூரு ஆர்ச்சு?"

லட்டு மெல்லும் சத்தம் நின்றது.

"அவன் நிப்பாட்டச் சொல்லித்தான் மேரி ஊதுனான். நாந்தான் கண்ணாடில மீசையப் பாத்துக்கிட்டு இருந்தேன்."

மீதியை அவர்கள் பேச்சிலிருந்து நானே கூட்டிக்கொண்டேன். இருபது வருஷத்துக்கு முன்னால், ஒக்கூரில் பஸ்ஸைத் திருப்பும் இடத்தில், மறுநாள் வரவிருந்த ஒரு மந்திரிக்காகப் பிளைவுட்டில் பெரிய வரவேற்பு வளைவு கட்டியிருந்தார்கள். சோலை பின்னால் நின்று விசில் கொடுக்க, அருளானந்தம் பஸ்ஸைப் பின்பக்கமாக எடுத்தார். நிறுத்தச் சொல்லி விசில் வந்தது. பஸ் நிற்கவில்லை. மந்திரியின் முகத்தோடு வளைவு மொத்தமும் சாய்ந்துவிட்டது. யாருக்கும் காயமில்லை. கட்சிக்காரர்கள் மட்டும் கொதித்துப்போனார்கள்.

சோலை முன்னால் வந்து, "என் தப்புதான். விசில மாத்தி ஊதிட்டேன்" என்று சொல்லிவிட்டார். டிரைவருக்கு லைசென்ஸ் போனால் பிழைப்பே போய்விடும், கண்டக்டருக்கு அந்த ஆபத்து இல்லை என்ற யோசனை. முதலாளி சோலையை அந்த பஸ்ஸிலிருந்து இறக்கி, இருட்டோடு புறப்படும் பால்கேன் வண்டியில் போட்டார். இரண்டு வருஷம் கழித்துத்தான் பழைய பஸ்ஸுக்குத் திரும்ப விட்டார்.

"பஸ்ஸுல பின்னால நின்னாரு, சமாளிச்சீக. இப்ப அந்த மனுசன் மொகத்துல எப்பிடி முழிக்கிறதுன்னுதானே நாச்சியாபுரம் பக்கமே போக மாட்டேங்குறீக?" என்றார் மனைவி.

டப்பா மூடும் சத்தம் மட்டும் கேட்டது.

கழட்டுற வரைக்குமா?

இப்போது பேருந்து நிலையத்துக்குத் திரும்புவோம். பழக்கூடை அம்மாள் காத்திருக்கிறார்.

"அம்மா, நான் தப்பான ஆளு இல்ல. உங்க வீட்டுக்காரர வச்சு எடுத்த படத்த நாந்தான் எடிட் பண்றேன்."

அவர் மனைவி லூர்து மேரி அம்மாளின் முகம் மலர்ந்துவிட்டது. "அதச் சொல்லக் கூடாதா ஆத்தா? அன்னைக்கு நான் கட்டியிருந்த சேல நல்லா விழுந்துச்சா? ரோஸ் கலரு?"

"நல்லா விழுந்துச்சும்மா."

அருளானந்தத்தின் முகம் மலரவில்லை. டீ டம்ளரைப் பிடித்தபடி ஏதோ கணக்குப் போட்டுக்கொண்டிருந்தார்.

"தாயி, சட்டையில ஒரு மைக்கு மாட்டுனாகள்ல. அது, பேசச் சொன்னா மட்டுந்தானே பிடிக்கும்?"

"இல்லைங்கையா. கழட்டுற வரைக்கும் பிடிக்கும்."

"கழட்டுற வரைக்குமா?"

"ஆமாங்கையா."

"பாத்ரூமு?"

"அத ஓட்டி விட்டுருவேன்."

"அடுப்படி?"

நான் தரையைப் பார்த்தேன். பெரியவர் சீனி தூக்கலாகப் போட்ட டீயைக் குடிக்காமலே மாஸ்டரிடம் திருப்பிக் கொடுத்தார்.

மாடியறையில்

மறுநாள் பகலில் அருளானந்தம் எங்கள் வீட்டை விசாரித்துக்கொண்டு தனியாக வந்தார். மாமியார், "அளவுச் சட்ட கொண்டாந்திருக்கீகளா?" என்று கேட்டு மேலே அனுப்பிவைத்தார். 'சேசுவே சேசுவே' என்று படியேறி வரும் சத்தம் கேட்டது. ஏறும்போதும் அப்படித்தான் என்பது எனக்கு அன்றுதான் தெரிந்தது.

"வந்து பாத்தீகன்னா தாயி, அந்த அடுப்படிப் பேச்ச அழிச்சிருங்க."

அவர் கண்ணெதிரிலேயே அழித்தேன்.

"போயிருச்சா?"

"போயிருச்சுங்கையா."

மீசையைத் தடவிக்கொண்டார். "எனக்குத்தான் போக மாட்டேங்குது" என்றார்.

அவர் எழுந்து போயிருப்பார். நான்தான் சும்மா இருக்காமல், "சோலை ஐயா பேசினதப் பாக்குறீகளா?" என்று கேட்டேன்.

திரையில் சோலை. நவீனின் குரல் கேட்கிறது: "அருளானந்தம் ஐயா முப்பது வருஷத்துல ஒரு ஆக்சிடென்ட்கூட பண்ணலையாமே?"

சோலை உடனே பதில் சொல்லவில்லை. இரண்டு விநாடி. உதட்டை இறுக்கிக் கடிக்கிறார். தொண்டை ஏறி இறங்குகிறது. கண்கள் கேமராவை விட்டு விலகி வாசல் பக்கம் போய்த் திரும்புகின்றன. பிறகு அவசரமாக, "ஆமா. தங்கமான டிரைவரு" என்று முடித்துவிடுகிறார்.

அந்த இரண்டு விநாடியை நான் நூறு தரமாவது பார்த்திருப்பேன். ஒரு மனிதன் இருபது வருஷமாக விழுங்கி வைத்திருக்கும் வலி முழுவதும் அந்தத் தொண்டையில் தெரிந்தது. என் தொழில் வாழ்க்கையில் அதைப்போல ஒரு முகத்தைப் பார்த்ததில்லை.

"இன்னொரு தரம் போடுங்க" என்றார் அருளானந்தம்.

போட்டேன். மறுபடி கேட்டார். ஐந்தாறு தரம் ஓடியிருக்கும்.

"இருபத்தாறு வருசம் தாயி. அவன் எப்பவும் எனக்குப் பின்னாலதான் நிப்பான். நான் ரோட்டப் பாத்துக்கிட்டு இருப்பேன். அவன் விசிலுதான் எனக்குத் தெரியும். மொகத்த இம்புட்டு நேரம் இன்னைக்குத்தான் பாக்குறேன்."

கண்ணைத் துடைத்துக்கொண்டு இறங்கிப் போனார்.

அவர் கேட்டதை நான் அழித்துவிட்டேன். ஆனால் சோலைக்கு ஏதாவது செய்தாக வேண்டும் என்று எனக்குள் ஒரு வேகம். படத்தின் கடைசியில் அருளானந்தம், "ஒரு கோழிக்குஞ்சு மேலகூட என் டயரு பட்டதில்ல" என்று சொல்லும் இடத்தை அடுத்து, ஒரு வார்த்தையும் இல்லாமல், சோலையின் அந்த இரண்டு விநாடியை மட்டும் வைத்தேன். நவீனுக்கு ஒக்கூர்க் கதை தெரியாது. "என்னமோ பண்ணுதுக்கா அந்த இடம்" என்று போனில் நெகிழ்ந்துபோனார். எனக்கு ஒரு நீதிபதியின் நிம்மதி.

மண்டபத்தில்

படத்தை முதலில் ஊர்க்காரர்களுக்குக் காட்ட வேண்டும் என்று நவீன் ஆசைப்பட்டார். காரைக்குடியில் ஒரு சிறிய கல்யாண மண்டபம். ஞாயிறு காலை. பழைய டிரைவர்கள், கண்டக்டர்கள், சர்ச்சுக்காரர்கள், நாச்சியாபுரத்திலிருந்து ஒரு வேன் நிறைய ஆட்கள். முன்வரிசையில் இந்தக் கோடியில் அருளானந்தமும் ரோஸ் சேலையில் லூர்து மேரி அம்மாளும், அந்தக் கோடியில் சோலை. நான் வழக்கம்போல் கடைசித் தூணுக்குப் பக்கத்தில்.

கோழிக்குஞ்சு வந்தது. கைதட்டல். அடுத்து சோலையின் முகம் திரை முழுக்க.

அருளானந்தம் எழுந்துவிட்டார்.

"நிப்பாட்டுங்கப்பா! படத்த நிப்பாட்டுங்க!"

விளக்கைப் போட்டார்கள். அவர் கூட்டத்தைப் பார்த்துத் திரும்பி நின்றார். மீசை துடித்தது.

"வந்து பாத்தீகன்னா, நான் சொன்னது பொய். ஒக்கூருல ஆர்ச்ச இடிச்சது நாந்தான். சோலை சரியாத்தான் விசில் குடுத்தான். நான் கண்ணாடில மீசையப் பாத்துக்கிட்டு கேக்காம விட்டுட்டேன். என் பழிய அவன் சொமந்தான். ரெண்டு வருசம் பால்கேன் வண்டில போனான். சோலை, என்னைய மன்னிச்சிருப்பா."

எனக்குக் கண்ணீர் பொங்கிவிட்டது. தூணைப் பிடித்துக்கொண்டேன். எல்லாத் தலைகளும் சோலையின் பக்கம் திரும்பின.

சோலை மெல்ல எழுந்தார். வேட்டியை மடித்துக் கட்டினார்.

"யோவ் அண்ணே! ஒமக்கு அறிவிருக்கா?"

மண்டபம் திகைத்தது.

"ஒக்கூரு ஆர்ச்ச ஒரே விசில்ல சாச்ச சோலைன்னுதான்யா எனக்கு ஊருல பேரு! இருவது வருசமா டீக்கடையில அதத்தான் சொல்லிக்கிட்டு இருக்கேன். எம் பேரன் பள்ளிக்கொடத்துல சொல்லிருக்கான். சம்மந்தம் பேச வந்தவக, 'மந்திரி ஆர்ச்ச சாச்சவரு நீங்கதானா'ன்னு கேட்டுட்டுத்தான் ஒக்காந்தாக. இப்ப வந்து நீரு சாச்சேன்னா என்ன அர்த்தம்?"

"சோலை, நெசத்தச் சொல்றேன்டா..."

"ஒம்ம நெசத்த யாரு கேட்டா? கைக்கடியாரம் ஒமக்கு, பாராட்டு ஒமக்கு, இந்தப் படமும் ஒமக்கு. எனக்குன்னு இருந்தது அந்த ஒரு ஆர்ச்சு! அதும் வேணுமா?"

நாச்சியாபுரம் வேன்காரர்கள் "ஆர்ச்சு சோலையோடதுதான்!" என்று எழுந்துவிட்டார்கள். சர்ச்சுக்காரர்கள், பாவமன்னிப்புக் கேட்கிறவரைத் தடுப்பது முறையல்ல என்றார்கள். ஆர்ச்சைச் சாய்த்தது நான்தான், நான்தான் என்று எழுபது வயது மனிதர்கள் இருவர் ஒருவரை ஒருவர் விரல் நீட்டிச் சத்தம் போட்டுக்கொண்டிருந்தார்கள். நவீன் நாற்காலிமேல் ஏறி நின்று எல்லாவற்றையும் போனில் படம் பிடித்துக்கொண்டிருந்தார்.

கடைசியில் சோலையின் குரல் உடைந்தது.

"கருக்கல்ல எந்திரிச்சு ரெண்டு வருசம் போனேன். எதுக்கு? ஒம்ம பொழப்பு போயிரக் கூடாதுன்னு. அத நானா எடுத்துச் செஞ்சேன். செஞ்சத ஊரு முன்னால என் மூஞ்சில திருப்பி எறிஞ்சா எப்பிடிண்ணே? பத்து வருசமா வீட்டுப் பக்கம் ஒரு எட்டு வரல. அதுக்கு மன்னிப்புக் கேட்டிருந்தீருன்னா மனுசன்."

சொல்லிவிட்டு வெளியே போய் வேனில் ஏறி உட்கார்ந்துகொண்டார். அருளானந்தம் நின்ற இடத்திலேயே நின்றார். லூர்து மேரி அம்மாள் அவரைப் பிடித்து உட்கார வைத்தார்.

நாற்பது மணி நேரம் பார்த்திருந்தேன். இருமல் சத்தத்தை வைத்தே ஆளைச் சொல்வேன். சோலையின் மனதில் இருந்ததை மட்டும் கண்டுபிடித்திருக்கவில்லை.

நாச்சியாபுரத்தில்

அடுத்த ஞாயிறு பூசை முடிந்ததும் அருளானந்தம் பஸ் ஏறி நாச்சியாபுரம் போனார் என்று லூர்து மேரி அம்மாள் போனில் சொன்னார். முதல் வாரம் சோலை வாசலோடு அனுப்பிவிட்டார். இரண்டாம் வாரம் தண்ணீர் கொடுத்தார். மூன்றாம் வாரம் சாப்பாடு.

படத்தைத் திருத்த வேண்டியதாயிற்று. நவீனுக்கு மண்டபத்துச் சண்டையை அப்படியே வைக்க ஆசை. சோலை ஒப்பவில்லை. முடிவில், இரண்டு பேரும் சோலை வீட்டு வேப்பமரத்தடியில் உட்கார்ந்திருக்க, ஆர்ச்சைத் தான் சாய்த்த கதையைச் சோலை விஸ்தாரமாகச் சொல்வதுபோல் புதிதாக எடுத்தார்கள். அருளானந்தம் பக்கத்தில் வாய் திறக்காமல் தலையாட்டுவார். அவர் பேசாமல் இருக்கும் ஒரே காட்சி அதுதான். கோழிக்குஞ்சு வசனத்தை அவரே எடுத்துவிடச் சொன்னார். அதோடு அந்த இரண்டு விநாடியும் போயிற்று.

திருத்திய படத்துக்குச் சோலையிடம் கையெழுத்து வாங்க வேண்டியிருந்தது. வழக்கத்துக்கு மாறாக நானே போனேன். அருளானந்தம் ஐயா வார இதழெல்லாம் படிப்பதில்லை. கண்ணாடி போட்டால் மீசை எடுபடாது என்று படிப்பதையே விட்டுவிட்டவர். அந்தத் தைரியத்தில்தான் இதற்கு மேல் எழுதுகிறேன்.

கையெழுத்துப் போட்டுக்கொண்டிருந்த சோலையிடம் கேட்டேன்.

"ஐயா, ஆக்சிடென்ட் பத்திக் கேட்டப்ப ரெண்டு விநாடி பேசாம இருந்தீக. தொண்ட ஏறி எறங்குச்சு. வாசலப் பாத்தீக. அப்ப மனசுக்குள்ள என்ன ஓடுச்சு?"

அவர் யோசித்தார். பிறகு வெட்கப்பட்டுச் சிரித்தார்.

"அதுவா? வந்தவகளுக்குக் கரைச்ச மோர, வெயிலுக்கு நானும் மூணு செம்பு குடிச்சுப்புட்டேன். கேமரா ஓடுறப்ப எந்திரிச்சுக் கொல்லப் பக்கம் போகலாமா, கூடாதான்னு தெரியல. முட்டிக்கிட்டு நிக்குது. அந்தத் தம்பி என்ன கேட்டுச்சுன்னே காதுல விழுகல. அண்ணே பேரு மட்டும் கேட்டுச்சு, ஆமான்னு சொல்லி முடிச்சுட்டேன்."

"அந்த மொகத்தப் பாத்துத்தான் அருளானந்தம் ஐயா அழுதாரு. என் கண்ணு முன்னால, ஆறு தரம் போடச் சொல்லிப் பாத்து அழுதாரு" என்றேன்.

சோலையின் சிரிப்பு நின்றது. பேனாவை மூடி என்னிடம் கொடுத்தார். தெருப்பக்கம் ஒரு தடவை எட்டிப் பார்த்துவிட்டு, குரலைத் தாழ்த்தினார்.

"ஆத்தா, இத மட்டும் அண்ணேட்ட சொல்லிறாதீக. மனுசன் இப்பத்தான் வாராவாரம் வீடு தேடி வாராரு."